மெமேரின் கொள்ளுத் தாத்தாவைத் தேடி: மானிடோபாவின் முதல் சட்டமன்றமும் அதற்கு முந்தைய சபையும்

கனடாவின் மானிடோபா மாகாணத் தலைநகரான வின்னிபெக்கில் வீடு வீடாகப் போய் முதியவர்களைக் கவனித்துக்கொள்ளும் வேலை எனக்கு. காலையில் மாத்திரை கொடுப்பது, குளிக்க வைப்பது, கஞ்சியோ சூப்போ சூடாக்கித் தருவது, கொஞ்ச நேரம் பேசிக்கொண்டிருப்பது. அந்தக் கடைசி வேலைக்குக் கால அட்டவணையில் இடம் கிடையாது. ஆனால் பலருக்கு அதுதான் முக்கியம். செயின்ட் வைட்டல் பகுதியில் நான் பார்த்துக்கொண்ட ஓர் அம்மாவுக்கு வயது தொண்ணூறைத் தாண்டியிருந்தது. மெய்ட்டி இனத்தவர். அதாவது பழங்குடித் தாய்மாருக்கும் பிரெஞ்சு, ஸ்காட்டிஷ் வியாபாரிகளுக்கும் பிறந்த வழித்தோன்றல்கள் சேர்ந்து உருவான தனி மக்கள். வீட்டில் எல்லாரும் அவரை ‘மெமேர்’ என்பார்கள், அவர்கள் பிரெஞ்சில் பாட்டி என்று பொருள். நானும் அப்படியே கூப்பிட ஆரம்பித்தேன். அவருக்கும் அது பிடித்திருந்தது.

2023 குளிர்காலத்தில் ஒரு நாள், கால் விரல் நகம் வெட்டிக்கொண்டிருந்தபோது மெமேர் திடீரென்று சொன்னார்: “என் கொள்ளுத் தாத்தா இந்த மாகாணத்தின் முதல் சட்டமன்றத்தில் உறுப்பினராக இருந்தவர். நீ கம்ப்யூட்டரில் பார்ப்பாயே, அவர் பெயர் இருக்கிறதா பார்.” தன் பாட்டி சொல்லிக் கேட்டது என்றார். அவருக்குத் தெரிந்தவை மூன்றே விஷயங்கள். தாத்தாவின் பெயர் ஒன்று. அவர் ‘கோட்டைக்குள் உட்கார்ந்து’ பேசினார் என்பது இரண்டாவது. புல்லுக்காகப் பேசினார் என்பது மூன்றாவது. புல் என்றால் மாட்டுக்கும் குதிரைக்கும் அறுத்துக் காயவைக்கிற புல்.

அந்தத் தேடல் எனக்கு நாலு மாதம் பிடித்தது. குடும்பத்தினர் இதை எழுதச் சம்மதித்தார்கள், பெயர் மட்டும் வேண்டாம் என்றார்கள். அதனால் தாத்தாவின் பெயரையும் இங்கே சொல்லப் போவதில்லை. ஆனால் தேடும்போது எங்கே தடுக்கி விழுந்தேன், எது கைகொடுத்தது என்பதை எழுதி வைக்கிறேன். கனடாவின் பழைய சட்டமன்றங்களைப் பற்றியோ அதில் இருந்த ஒருவரைப் பற்றியோ தேடுகிற யாருக்காவது உதவும்.

முதலில் செய்தது எல்லாரும் செய்வதைத்தான். மானிடோபா முதல் சட்டமன்ற உறுப்பினர் பட்டியலை எடுத்தேன். சின்னப் பட்டியல், 24 பெயர்தான். மானிடோபா 1870 ஜூலை 15 அன்று கனடாவின் மாகாணமானது. அப்போது எடுத்த கணக்கெடுப்பில் மொத்த மக்கள் தொகை 11,963. அதில் பத்தாயிரம் பேருக்குக் கொஞ்சம் குறைவாக மெய்ட்டி மக்களும், ஆங்கிலம் பேசும் கலப்பு வம்சாவளியினரும். வெள்ளையர் 1,600 பேர்கூட இல்லை. இன்றைய வின்னிபெக்கைப் பார்த்துவிட்டு அந்தக் காலத்தைக் கற்பனை செய்தால் தப்பாகிவிடும். அது வேறு ஊர், வேறு மக்கள்.

துணைநிலை ஆளுநர் ஆடம்ஸ் ஆர்ச்சிபால்ட் ரெட் ஆற்றையும் அசினிபோயின் ஆற்றையும் ஒட்டியிருந்த தேவாலயப் பங்குகளை (பங்கு என்றால் ஒரு தேவாலயத்தைச் சேர்ந்த ஊர்ப்பகுதி) அடிப்படையாக வைத்து 24 தொகுதிகள் பிரித்தார். பிரெஞ்சுக்காரர் பங்குகளுக்கு 12, ஆங்கிலேயர் பங்குகளுக்கு 12. 1870 டிசம்பர் கடைசியில் தேர்தல். 1871 மார்ச் 15 அன்று சபை கூடியது. கூடுவதற்குக் கட்டடம் இல்லை. ஏ. ஜி. பி. பேனடைன் என்ற வியாபாரியின் வீட்டில்தான் உட்கார்ந்தார்கள். 1873 டிசம்பரில் அந்த வீடு எரிந்துபோனது. செங்கோலுக்கும் வழியில்லாமல், ரெட் ஆற்றுப் பகுதி மாட்டு வண்டியின் சக்கரக் குடத்தைக் கடைந்து ஒரு போர்வீரர் செங்கோல் செய்து கொடுத்தார். அதன் தண்டு ஒரு கொடிக்கம்பத்திலிருந்து எடுத்தது. 1884 வரை அதுதான் சபையின் செங்கோல். அந்த வண்டிகளில் இரும்பு கிடையாது, முழுக்க மரம், கிறீச்சென்று கத்திக்கொண்டே போகும் என்பார்கள். அந்த மக்களின் வாழ்க்கையே அந்த வண்டியில்தான் இருந்தது. பொன்னிலும் வெள்ளியிலும் செய்யும் எந்தச் செங்கோலும் அந்தச் சபைக்கு இவ்வளவு பொருந்தியிருக்காது என்றுதான் நினைக்கிறேன்.

உறுப்பினர்களைப் பாருங்கள். முதல் சபாநாயகர் ஜோசப் ரோயல், கியூபெக்கிலிருந்து வந்த வழக்கறிஞர். 1871இல் ‘லெ மெய்ட்டி’ என்று பிரெஞ்சுப் பத்திரிகையும் தொடங்கியவர். ஹை பிளஃப் தொகுதியில் ஜான் நார்க்வே. வம்சாவளியில் பழங்குடி இரத்தம் உள்ள அவர் பின்னால் 1878 முதல் 1887 வரை முதல்வராக இருந்தார். வின்னிபெக்கில், மிருகத்தோல் வியாபாரம் செய்த ஹட்சன் பே கம்பெனியின் டொனால்ட் ஸ்மித். அவர் இங்கேயும் உறுப்பினர், ஒட்டாவா நாடாளுமன்றத்திலும் உறுப்பினர். அப்போது அது செல்லும். இந்த இரட்டைப் பதவி விஷயம் தெரியாமல் நான் ஒரு முழு மாலை குழம்பினேன். ஒரே பெயர், ஒரே வருஷம், இரண்டு சபை என்றால் இரண்டு ஆள் என்று நினைத்துவிடக் கூடாது. 1870களின் தொடக்கத்தில் கனடா முழுக்கவே இப்படிப் பலர் இருந்தார்கள்.

இது போக ஏழு பேர் கொண்ட மேலவை ஒன்று இருந்தது. அது தேர்தலில் வந்ததல்ல, நியமனம். 1876இல் செலவைக் குறைக்க அதைக் கலைத்துவிட்டார்கள். மெமேரின் தாத்தா அதில் இருக்கலாம் என்று அந்த ஏழு பேரையும் பார்த்தேன்.

24 பேரில் அவர் இல்லை. ஏழு பேரிலும் இல்லை.

அடுத்த நாள் போய், “மெமேர், பட்டியலில் அவர் பெயர் இல்லை” என்று சொல்லிவிட்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. சாப்பாட்டுத் தட்டைக் கொஞ்சம் தள்ளி வைத்தார். அன்று முழுக்க என்னோடு பேசவில்லை. எழுபது, எண்பது வருஷமாக ஒருவர் மனசுக்குள் வைத்துக் காப்பாற்றிய விஷயத்தை, இணையத்தில் அரை மணி நேரம் பார்த்துவிட்டு ‘இல்லை’ என்று சொன்னேன். அது தப்பு என்பது அவர் முகத்தைப் பார்த்த பிறகுதான் உறைத்தது. குடும்பத்துப் பெரியவர்கள் சொல்வதும் பட்டியலும் மோதினால், முதலில் சந்தேகப்பட வேண்டியது நம் கேள்வியை. நான் சரியான பட்டியலைத்தான் பார்க்கிறேனா என்று ஒரு தடவை கேட்டிருந்தால் போதும்.

அந்த வாரச் சனிக்கிழமை செய்ய ஒன்றும் இல்லாமல் செயின்ட் போனிஃபேஸ் வரலாற்றுச் சங்கத்துக்குப் போனேன். புரோவென்ஷேர் சாலையில் இருக்கிறது. மெய்ட்டி, பிரெஞ்சுக் குடும்பங்களின் வம்சாவளி பார்ப்பதற்கு இதைவிட நல்ல இடம் இல்லை. அங்கே இருந்த பெண்மணியிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி: “எந்தச் சபை?”

எனக்குப் புரியவில்லை. சபை என்றால் சபைதானே என்று நின்றேன். அவர் உட்கார வைத்து நிதானமாகச் சொன்னார். அதை நான் புரிந்துகொண்டபடி எழுதுகிறேன். இதுதான் இந்தத் தேடலில் எனக்குக் கிடைத்த ஆகப் பெரிய உதவி.

மாகாணம் ஆவதற்கு முன் இந்தப் பகுதி ஹட்சன் பே கம்பெனியின் கையில் இருந்தது. அப்போது அசினிபோயா கவுன்சில் என்று ஒன்று இருந்தது. கம்பெனி நியமித்தவர்கள்தான் அதில் உட்காருவார்கள். 1869இல் கம்பெனி இந்தப் பெரும் நிலப்பரப்பை 3,00,000 பவுண்டுக்குக் கனடாவிடம் விட்டுக்கொடுக்க ஒப்புக்கொண்டது. இங்கே வாழ்ந்தவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கைமாறுவதற்கு முன்பே கனடா நில அளவையாளர்களை அனுப்பிவிட்டது. 1869 அக்டோபர் 11 அன்று, ஒரு மெய்ட்டி குடும்பத்தின் புல் நிலத்தில் அளவைச் சங்கிலி விழுந்தபோது, மெய்ட்டி தலைவர் லூயி ரியேலும் அவரோடு வந்தவர்களும் நிறுத்தச் சொன்னார்கள். அதற்குப் பிறகு வேகமாகக் காரியம் நடந்தது. நவம்பரில் ஒரு மாநாடு, பிரெஞ்சு தரப்பு 12, ஆங்கிலத் தரப்பு 12. 1870 ஜனவரி, பிப்ரவரியில் இன்னொரு மாநாடு, இந்த முறை 20, 20. அதிலிருந்து ஒரு தற்காலிக அரசு, ரியேல் அதன் தலைவர். அந்த அரசுக்கென்று அசினிபோயா சட்டமன்றம் ஒன்று 1870 மார்ச் 9 அன்று கூடியது. அதெல்லாம் முடிந்த பிறகுதான், 1871இல், நான் பட்டியல் எடுத்த சபை.

ஆக, ‘முதல் சட்டமன்றம்’ என்று ஒரு குடும்பம் சொன்னால் இதில் எதுவாகவும் இருக்கலாம். அரசுப் பட்டியல் ‘முதல்’ என்று எண்ணத் தொடங்குவது கனடாவோடு சேர்ந்த பிறகு. மக்கள் தங்கள் வீட்டில் எண்ணத் தொடங்குவது தாங்களாகவே ஆள் தேர்ந்தெடுத்து அனுப்பிய நாளிலிருந்து. மற்ற மாகாணங்களிலும் இப்படிச் சிக்கல் உண்டு. ஒன்டாரியோவின் முதல் சட்டமன்றம் என்றால் 1867இல் 82 பேரோடு வந்ததா, 1792இல் நியூவார்க்கில் கூடிய அப்பர் கனடா சபையா? பெயரைத் தேடுவதற்கு முன் ஒரு தாளில் அந்த ஊரில் எந்தெந்தச் சபை எந்தெந்த வருஷம் இருந்தது என்று வரிசையாக எழுதிக்கொள்ளுங்கள். பத்து நிமிட வேலை. நான் அதைச் செய்யாததால் ஒரு மூத்த மனுஷியை நோகடித்தேன்.

அப்போதுதான் மெமேர் சொன்ன மற்ற இரண்டு விஷயமும் ஞாபகம் வந்தது. கோட்டைக்குள் உட்கார்ந்தார். 1871 சபை கூடியது பேனடைன் வீட்டில், கோட்டையில் அல்ல. 1870 சபை கூடியது ஃபோர்ட் கேரி கோட்டையில். புல்லுக்காகப் பேசினார். இங்கே நிலம் ஆற்றங்கரையில் தொடங்கி ஒல்லியான நீளக் கீற்றாக இரண்டு மைல் உள்ளே போகும். அதற்கும் பின்னால் இன்னும் இரண்டு மைல் நிலத்தில் புல் அறுத்துக்கொள்ளும் உரிமை அந்தந்தக் குடும்பத்துக்கு உண்டு. எழுதிக்கொடுத்த பத்திரம் இல்லாத வழக்குரிமை அது. கனடாக்காரர்கள் சதுரம் சதுரமாக அளக்க வந்தபோது முதலில் ஆபத்து வந்தது அந்தப் புல்லுக்குத்தான். 1870 சபையில் புல் உரிமை பற்றி விவாதமே நடந்திருக்கிறது. மெமேரின் பாட்டி மூன்று வாக்கியத்தில் ஒப்படைத்துவிட்டுப் போன செய்தியில் ஒரு சொல்கூட வீண் இல்லை. நான்தான் முதல் வாக்கியத்தை மட்டும் எடுத்துக்கொண்டு ஓடியிருந்தேன்.

அந்தச் சபையின் நடவடிக்கைகளை வில்லியம் கோல்டுவெல் என்ற பத்திரிகைக்காரர் எழுத்தராக இருந்து குறித்து வைத்தார். அந்தக் குறிப்புகளைப் படியெடுத்து மாகாண அரசே வெளியிட்டிருக்கிறது, இணையத்தில் இலவசமாகப் படிக்கலாம். நான் மூன்று இரவு உட்கார்ந்து படித்தேன். துப்பாக்கியும் கலகமும் என்று எதிர்பார்த்துத் திறந்தால், உள்ளே இருப்பது புல், நீதிமன்றம், சட்டத்தை எப்படி எழுதுவது என்ற பேச்சு. ஆங்கிலம் பேசுகிறவர்களும் பிரெஞ்சு பேசுகிறவர்களும் ஒருவர் சொன்னதை இன்னொருவருக்கு மொழிபெயர்த்துக்கொண்டு பொறுமையாகப் பேசுகிறார்கள். அந்த நாட்களின் கறையையும் மறைக்க முடியாது. சபை கூடுவதற்கு ஐந்து நாள் முன்னால், மார்ச் 4 அன்று, அந்தத் தற்காலிக அரசை எதிர்த்த தாமஸ் ஸ்காட் என்பவரை ரியேலின் ஆட்கள் சுட்டுக் கொன்றிருந்தார்கள். அந்தக் கோபம் ஒன்டாரியோவில் பல வருஷம் அடங்கவில்லை. இரண்டையும் சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

பெயர் கிடைத்தது. ஆனால் மெமேர் சொன்ன பெயர் அல்ல, அதற்குக் கிட்டத்தட்டப் பொருந்தும் வேறொரு பெயர். இங்கே இன்னொரு வாரம் போனது.

மெய்ட்டி, பிரெஞ்சுக் குடும்பங்களில் இரட்டைப் பெயர் வழக்கம் உண்டு. நடுவில் ‘டி’ என்று ஒரு சொல் வரும், ‘எனப்படும்’ என்று பொருள். மில்லே எனப்படும் போஷ்மான் என்பது போல. அப்பா ஒரு பெயரில் பதிவாகியிருப்பார், மகன் இன்னொரு பெயரில். 1871 சபையில் செயின்ட் வைட்டல் உறுப்பினராக இருந்த ஆந்த்ரே போஷ்மான் அப்படிப்பட்ட குடும்பம்தான். லூயி ஷ்மிட் கதை இன்னும் சிக்கல். அவர் குடும்பப் பெயர் லஃபெர்ட்டே என்றுதான் வழங்கியது, முன்னோர் ஒருவர் ஜெர்மானியர் என்பதால் ஷ்மிட் ஆனார். சிறுவயதில் ரியேலோடு சேர்த்து, ஆயர் தாஷே கிழக்கே படிக்க அனுப்பிய பையன்களில் ஒருவர் அவர். 1870 சபையிலும் இருந்தார், 1871 சபையிலும் இருந்தார். தாமஸ் பன் என்பவரும் அப்படி இரண்டிலும் இருந்தவர். போதாததற்கு ஆங்கிலேய எழுத்தர் பிரெஞ்சுப் பெயரைக் காதில் விழுந்தபடி எழுதுவார். ஒரே ஆளுக்கு ஒரே வருஷத்தில் மூன்று எழுத்துக்கூட்டல் பார்த்தேன். நம் ஊர்ப் பெயர்களைக் கனடா அலுவலகங்களில் எழுதும் அழகைப் பார்த்த எனக்கு இது ஆச்சரியமாக இல்லை. பெயரைக் கண்ணால் தேடாதீர்கள், வாய்விட்டுச் சொல்லிக் காதால் தேடுங்கள். வேறு எப்படியெல்லாம் எழுதியிருப்பார்கள் என்று ஐந்தாறு வடிவம் எழுதி வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் போட்டுப் பாருங்கள்.

பெயர் ஒத்தால் மட்டும் போதாது, ஆள் அவர்தானா என்று உறுதி செய்ய வேண்டும். அதற்குப் பங்குதான் வழி. அந்தக் காலத்தில் ஒருவரின் முகவரி, தொகுதி, மதம், மொழி எல்லாவற்றையும் பங்கு ஒன்றே சொல்லிவிடும். ஞானஸ்நான, திருமணப் பதிவேடுகளில் பெற்றோர் பெயரும் சாட்சிகள் பெயரும் இருக்கும். செயின்ட் போனிஃபேஸ் பேராலயம் 1860 டிசம்பரில் தீப்பிடித்தபோது பழைய பதிவேடுகள் பல எரிந்துவிட்டன. எங்களுக்கும் அந்த இடத்தில் ஓட்டை விழுந்தது. அதை அடைக்க உதவியது ஸ்கிரிப் பத்திரங்கள். 1870இல் இந்த மாகாணத்தை உருவாக்கிய மானிடோபா சட்டத்தின் 31ஆம் பிரிவு மெய்ட்டி குழந்தைகளுக்கு 14 லட்சம் ஏக்கர் நிலம் ஒதுக்கியது. அந்த நிலத்துக்காகவும், பெற்றோருக்கு நிலத்துக்குப் பதிலாகக் கொடுத்த ஸ்கிரிப் என்ற சீட்டுக்காகவும் 1875 வாக்கில் மக்கள் சத்தியப் பிரமாண மனு கொடுத்தார்கள். எங்கே பிறந்தேன், அப்பா அம்மா யார், எந்தப் பங்கு என்று அதில் சொல்லியிருப்பார்கள். பலர் கையெழுத்துக்குப் பதில் சிலுவைக்குறி போட்டிருப்பார்கள். ஒட்டாவாவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் இவற்றின் படங்களையே பார்க்கலாம். அந்த நிலத்தில் பெரும்பங்கு அந்தக் குடும்பங்களிடம் தங்கவில்லை என்பது வேறு கதை. அரசு அந்த வாக்கை உரிய அக்கறையோடு நிறைவேற்றவில்லை என்று உச்ச நீதிமன்றம் 2013இல் சொன்னது. ஆனால் ஏமாற்றப்பட்டவர்களின் மனுக்கள்தான் இன்று அவர்கள் பேரப்பிள்ளைகளுக்குத் தாத்தாவைத் திருப்பிக் கொடுக்கின்றன. அந்தச் சிலுவைக்குறியைத் திரையில் பெரிதாக்கிப் பார்த்தபோது என் தொண்டை அடைத்தது.

உறுப்பினர்கள் சபையில் என்ன பேசினார்கள் என்று தேடுகிறவர்களுக்கு ஒரு விஷயம். மானிடோபாவில் பேச்சுக்களை அப்படியே பதியும் அதிகாரபூர்வப் பதிவு 1958இலிருந்துதான் தொடர்ச்சியாக இருக்கிறது. அதற்கு முன் நாளிதழ்தான் கதி. வான் வீதியில் உள்ள சட்டமன்ற நூலகத்தில் யார் வேண்டுமானாலும் போய் உட்காரலாம், பழைய செய்தித்தாள்களும் வெட்டி ஒட்டிய தொகுப்புகளும் உண்டு. மேல்கோட்டுக்கு உள்ளே இன்னொரு ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு போங்கள். பென்சில்தான் அனுமதி. பத்திரிகையைப் படிக்கும்போது அது யார் பக்கம் என்று தெரிந்துகொண்டு படியுங்கள். அன்று ஒவ்வொரு பத்திரிகையும் ஒரு கட்சி, ஒரு மொழி, ஒரு மதம். ஒரே கூட்டத்தை இரண்டு பத்திரிகையில் படித்தால் இரண்டு கூட்டம் போல இருக்கும். இரண்டும் ஒப்புக்கொள்கிற பகுதியை மட்டும் குறித்துக்கொள்வேன்.

அப்படித் தேடிக்கொண்டிருக்கும்போதுதான் டாக்டர் கர்டிஸ் பேர்ட் கதை கண்ணில் பட்டது. ரோயலுக்கு அடுத்த சபாநாயகர். 1873இல் வின்னிபெக்கை நகரமாக்கும் மசோதா வந்தபோது அதை விதிமுறைக்குப் புறம்பானது என்று நிறுத்திவிட்டார். ஊருக்குள் கடும் கோபம். ஒரு நாள் இரவு, நோயாளி ஒருவரைப் பார்க்க வரச் சொல்லி ஆள் வந்தது. போகும் வழியில் பனிவண்டியிலிருந்து இழுத்துப் போட்டுச் சூடான தாரை அவர் மேல் ஊற்றினார்கள். 1,000 டாலர் பரிசு அறிவித்தும் யார் செய்தது என்று கண்டுபிடிக்க முடியவில்லை. அதே வருஷம் நவம்பரில் வின்னிபெக் நகரமானது. இரவில் நோயாளி கூப்பிட்டால் எழுந்து போகிற வேலையில் இருக்கிறவள் நான். அந்தப் பக்கத்தை என்னால் வேகமாகத் திருப்ப முடியவில்லை. முதல் சட்டமன்றத்தின் உறுப்பினர்கள் என்று நாம் சட்டமிட்ட படத்தில் பார்க்கிறவர்கள், தங்கள் தொழிலையும் ஊர்க்காரர்களின் கோபத்தையும் சேர்த்துச் சுமந்துகொண்டு உட்கார்ந்தவர்கள்.

இவ்வளவு நாளில் மெமேரோடு மறுபடி பேச்சு வந்துவிட்டது. ‘தேடிக்கொண்டிருக்கிறேன், தப்பான இடத்தில் பார்த்துவிட்டேன்’ என்று சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அதற்குப் பிறகு அவர் தன் கதையைச் சொல்ல ஆரம்பித்தார். பள்ளிக்கூடத்தில் ஆய்வாளர் வருகிறார் என்றால் கன்னியாஸ்திரி டீச்சர் கண்ணைக் காட்டுவாராம், பிள்ளைகள் பிரெஞ்சுப் புத்தகத்தை மேசைக்கு அடியில் ஒளித்துவிட்டு ஆங்கிலப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொள்வார்களாம். வீட்டில் இன்னொரு கட்டளை. யார் கேட்டாலும் பிரெஞ்சுக்காரர் என்று சொல், மெய்ட்டி என்று சொல்லாதே. ஏழு வயதுப் பிள்ளைக்கு ஒளித்து வைக்க இரண்டு விஷயம்.

இது எங்கிருந்து வந்தது என்று தேடினால், மறுபடி அந்தச் சட்டமன்றத்துக்கே போய் நிற்க வேண்டியிருந்தது. மானிடோபா சட்டத்தின் 23ஆம் பிரிவு, சபையில் ஆங்கிலத்திலோ பிரெஞ்சிலோ பேசலாம், பதிவுகளும் சட்டங்களும் இரண்டு மொழியிலும் இருக்க வேண்டும் என்கிறது. 1870இல் ரெட் ஆற்று மக்கள் தங்கள் பிரதிநிதிகளை ஒட்டாவாவுக்கு அனுப்பிப் பேரம் பேசி வாங்கிய உரிமை அது. பிறகு கிழக்கிலிருந்து குடியேறியவர்கள் பெருகினார்கள், தொகுதிகளின் பாதிக்குப் பாதி போனது. 1879இலேயே நார்க்வே அரசு சட்டங்களைத் தவிர மற்ற ஆவணங்களைப் பிரெஞ்சில் அச்சிடுவதை நிறுத்த மசோதா கொண்டுவந்தது, துணைநிலை ஆளுநர் கோஷோன் அதற்கு ஒப்புதல் தராமல் நிறுத்தி வைத்தார். 1890இல் தாமஸ் கிரீன்வே அரசு ஒரே சட்டத்தில் ஆங்கிலம் மட்டுமே என்று ஆக்கிவிட்டது. கத்தோலிக்கப் பள்ளிகளுக்கான அரசுப் பணமும் அதே வருஷம் போனது. 1916இல் மற்ற மொழிகளில் கற்பிப்பதையே எடுத்துவிட்டார்கள். மெமேர் புத்தகத்தை ஒளித்தது அதனால்தான்.

1890 சட்டம் செல்லாது என்று 1892லேயே செயின்ட் போனிஃபேஸில் ஒரு நீதிபதி தீர்ப்புச் சொல்லியிருந்தார். 1909இல் இன்னொரு தீர்ப்பு. அரசு கண்டுகொள்ளவே இல்லை. 1976இல் ஜார்ஜ் ஃபொரே என்ற காப்பீட்டு முகவர் செயின்ட் போனிஃபேஸில் ஐந்து டாலர் பார்க்கிங் அபராதச் சீட்டு வாங்கினார். சீட்டு ஆங்கிலத்தில் மட்டும் இருந்தது. கட்ட மாட்டேன் என்று வழக்குப் போட்டார். 1979 டிசம்பர் 13 அன்று உச்ச நீதிமன்றம் 1890 சட்டம் செல்லாது என்றது. 1985 ஜூன் 13 அன்று இன்னும் பெரிய தீர்ப்பு: 1890க்குப் பிறகு ஆங்கிலத்தில் மட்டும் போட்ட எல்லாச் சட்டமும் செல்லாதவை, ஆனால் மாகாணமே சட்டமில்லாமல் போய்விடக் கூடாது என்பதால், மொழிபெயர்த்து முடிக்கும் வரை தற்காலிகமாகச் செல்லும். தொண்ணூற்றைந்து வருஷச் சட்டங்களை உட்கார்ந்து மொழிபெயர்த்தார்கள். அந்தத் தீர்ப்பு வந்தபோது மெமேருக்கு ஐம்பது வயதுக்கு மேல். ரேடியோவில் கேட்டதாகச் சொன்னார்.

மொழிக்காக வீட்டில் பெரியவர்கள் பேசுவதைக் கேட்டே வளர்ந்தவள் நான். அதனாலோ என்னவோ, 24 பேர் கொண்ட அந்தச் சின்னச் சபையின் 12, 12 என்ற கணக்கு என்னை விடவே இல்லை. பேருந்தில் உட்கார்ந்திருக்கும்போதும் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன்.

நான் தேடிக்கொண்டிருந்த அதே குளிர்காலத்தில், 2023 கடைசியில், மானிடோபா சட்டமன்றம் லூயி ரியேலை மாகாணத்தின் கௌரவ முதல் முதல்வர் என்று சட்டம் போட்டு ஏற்றது. அதுவரை பட்டியல்களில் பொதுவாக ஆல்ஃபிரட் பாய்ட் என்ற வியாபாரிதான் முதல் பெயர். டிவியில் அந்தச் செய்தி ஓடியபோது மெமேர் சத்தத்தைக் கூட்டச் சொன்னார். முழுக்கக் கேட்டுவிட்டு, “சரி, இப்போதாவது முதலிலிருந்து எண்ணுகிறார்கள்” என்றார்.

பிப்ரவரியில் எல்லாம் உறுதியானது. 1870 சபைக் குறிப்பில் பெயர், பங்குப் பதிவேட்டில் திருமணம், ஸ்கிரிப் மனுவில் பிள்ளைகள், அதில் ஒரு பெண் குழந்தை மெமேரின் பாட்டி. வரலாற்றுச் சங்கத்துப் பெண்மணியே ஒரு தடவை சரிபார்த்துக் கொடுத்தார். வேலை முடிந்து வரும் வழியில் மெயின் வீதியில் ஃபோர்ட் கேரி கோட்டை இருந்த இடத்தில் இறங்கினேன். மிச்சமிருப்பது ஒரு கல் வாசல்தான், சுற்றிலும் பூங்கா. குளிர் மைனஸ் 25. ஒரு படம் எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை, மாத்திரை கொடுத்த பிறகு, அச்செடுத்த தாள்களையும் அந்த வாசல் படத்தையும் மெமேரின் மடியில் வைத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பெயர் இருக்கும் வரியில் விரலை வைத்தார். எழுத்துக்கூட்டல் தப்பு என்றார். ஆங்கிலேயர் எழுதினது என்றேன். தலையை ஆட்டினார். பிறகு, சபை எப்போது கலைந்தது என்று கேட்டார். ஒட்டாவாவுக்குப் பேரம் பேசப் போன பிரதிநிதி பாதிரியார் ரிஷோ திரும்பி வந்து மானிடோபா சட்டத்தை விளக்கிச் சொன்னார், ஜூன் 24 அன்று சபை அதை ஏற்றுக்கொண்டது, அதோடு சரி என்றேன்.

“ஜூன் 24,” என்று இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார். “அது செயின்ட் ஜான் திருநாள். பாட்டி சொல்வாள், அவள் அப்பா ஒரு திருநாளன்று வீட்டுக்கு நேரம் கழித்து வந்தார், பூசைக்குப் போகவில்லை, ஆனால் அம்மா திட்டவே இல்லை என்று. ஏன் திட்டவில்லை என்று எங்கள் யாருக்கும் தெரியாது.” தாளை மடிக்காமல், அப்படியே தட்டையாக, பைபிளுக்குள் வைக்கச் சொன்னார்.